சர்வேயர் பார்த்த ஃபுட்பால்

ஆபீசில் புதிதாகச் சேர்ந்த தம்பி ஒருவன் போன வாரம் கேட்டான். "அண்ணா, தேங்க்ஸ்கிவிங் முடிஞ்ச சனிக்கிழமை இந்த ஊரே மேட்ச் மேட்ச்னு அலையுமாமே, அதை எப்படிண்ணா பார்க்கிறது?" எந்தச் சேனல் என்று அவன் கேட்கவில்லை, அது போனிலேயே தெரிந்துவிடும். மூன்றரை மணி நேரம் டிவி முன்னால் உட்கார்ந்து எதைத்தான் பார்ப்பது என்று கேட்கிறான். அமெரிக்காவில் ஒஹாயோ மாநிலத்துக் கொலம்பஸ் பக்கம் குடிவந்த முதல் நாலைந்து வருடம் நானும் கேட்டிருக்க வேண்டிய கேள்வி. கேட்க வெட்கமாக இருந்தது. மற்றவர்கள் கத்தும்போது நானும் கத்தி, அவர்கள் தலையில் கை வைத்தால் நானும் வைத்து, அப்படியே ஓட்டிவிட்டேன்.

கடைசியில் இந்த ஆட்டத்தைப் பார்க்கச் சொல்லிக்கொடுத்தது யார் என்றால், அதுவரை அமெரிக்கன் ஃபுட்பாலை ஒரு நிமிடம்கூடப் பார்த்திராத என் அப்பா. மன்னார்குடிப் பக்கம் தாலுகா ஆபீசில் சர்வேயராக இருந்து ஓய்வு பெற்றவர். எந்த வரப்பு எந்தப் பக்கம் எத்தனை அடி நகர்ந்திருக்கிறது என்று நடந்து போகும்போதே சொல்லிவிடுவார். அம்மாவும் அவரும் ஆறு மாத விசாவில் வந்திருந்தபோது 2016 நவம்பர் 26 வந்தது. வெளியே போக முடியாத குளிர். அப்பா குரங்குக் குல்லாவும் போர்வையுமாக சோபாவில். பகல் 12 மணிக்கு ஆட்டம்.

யாருக்கும் யாருக்கும் என்பதைச் சொல்லிவிடுகிறேன். எங்கள் ஊர் கொலம்பஸில் இருக்கிற ஒஹாயோ ஸ்டேட் பல்கலைக்கழகத்துக்கும், வடக்கே ஆன் ஆர்பரில் இருக்கிற மிச்சிகன் பல்கலைக்கழகத்துக்கும். 1897இல் முதல் ஆட்டம், மிச்சிகன் 34-0. 1918இலிருந்து வருடம் தவறாமல் நடந்தது, கொரோனா வருடம் 2020 மட்டும்தான் இடையில் விட்டுப்போனது. இதற்கு இங்கே 'தி கேம்' என்றுதான் பெயர், வேறு அடைமொழி கிடையாது. அந்த வாரம் ஒஹாயோ ஸ்டேட் வளாகத்தில் பெயர்ப் பலகைகளில் இருக்கிற எம் என்ற எழுத்தின் மேலெல்லாம் சிவப்பு டேப்பில் பெருக்கல் குறி போட்டுவிடுவார்கள். எங்கள் பக்கத்து வீட்டுப் பெரியவர் இன்றுவரை மிச்சிகன் என்ற பெயரை வாயால் சொன்னதில்லை, 'மேலே இருக்கிற அந்த மாநிலம்' என்றுதான் சொல்வார். அது உடி ஹேய்ஸ் என்ற பழைய கோச்சிடமிருந்து வந்த வழக்கம். மாமியார் பெயரைச் சொல்லாத மருமகள் மாதிரி என்று அம்மா சொன்னாள்.

அந்தப் பெரியவரும் அன்றைக்கு எங்கள் வீட்டில்தான் இருந்தார். அவர் மனைவி பெண்ணைப் பார்க்க வெளியூர் போயிருந்தார், தனியாகப் பார்க்க வேண்டாமே என்று கூப்பிட்டிருந்தோம். வரும்போதே கையில் ஒரு டிரான்சிஸ்டர். வந்ததும் டிவியின் சத்தத்தை நிறுத்தச் சொல்லிவிட்டு ரேடியோவைப் போட்டார். எனக்கு அது கிழவரின் கிறுக்காகப் பட்டது. காரணம் பிறகுதான் புரிந்தது, அதற்கு வருகிறேன்.

அப்பாவுக்கு விதியைச் சொல்ல ஆரம்பித்தேன். நான் சொல்வது எனக்கே விளங்காதது மாதிரி இருந்தது. டச் டவுனுக்கு ஆறு, அப்புறம் ஒரு உதை அடித்தால் ஒன்று, கம்பத்துக்கு நடுவே தூரத்திலிருந்து உதைத்தால் மூன்று என்று நான் அடுக்கிக்கொண்டே போக, அப்பா கையைக் காட்டி நிறுத்தினார்.

"அதெல்லாம் இருக்கட்டும். அங்க ஓரத்துல ரெண்டு பேர் கம்பம் பிடிச்சுக்கிட்டு நிக்கிறானே, நடுவுல என்னது அது, சங்கிலியா?"

சங்கிலிதான். பத்து கெஜ நீளம். இரண்டு பக்கமும் ஆரஞ்சு நிறக் குச்சி. ஆட்டத்தின் உயிரே அதுதான், நாலு வருடமாக நான் அதைக் கவனித்ததே இல்லை. மைதானம் நூறு கெஜம். பந்து வைத்திருக்கிற அணிக்கு நாலு வாய்ப்பு. நாலுக்குள் பத்து கெஜம் முன்னேறிவிட்டால் மறுபடி புதிதாக நாலு வாய்ப்பு, சங்கிலி முன்னால் நகரும். முன்னேறாவிட்டால் பந்து எதிராளிக்கு. அவ்வளவுதான் விஷயம், மிச்சமெல்லாம் அலங்காரம். இதைச் சொன்னதும் அப்பா நிமிர்ந்து உட்கார்ந்துவிட்டார்.

"அட, செயின்மேன்! நம்ம டிபார்ட்மென்ட் ஆளுங்கதானே இவங்க?"

எங்க சங்கிலி 66 அடி, 22 கெஜம், கிரிக்கெட் பிட்ச் நீளமும் அதுதான், இவன் சங்கிலி 30 அடிதான், சின்னச் சங்கிலி என்று பெரியவரிடம் ஆங்கிலமும் சைகையுமாக விளக்கினார். பெரியவருக்கு எவ்வளவு புரிந்ததோ தெரியாது, மரியாதையாகத் தலையாட்டினார். அதற்கப்புறம் அப்பா பந்தைப் பார்க்கவே இல்லை. பந்து பறந்தாலும் யார் மேல் யார் விழுந்தாலும் அவர் கண் நிலத்தின் மேலேயே இருந்தது. இப்போது எவ்வளவு பிடித்திருக்கிறான், இன்னும் எவ்வளவு வேண்டும். இரண்டாவது வாய்ப்பில் மூன்று கெஜம் பாக்கி என்றால் சாவகாசமாகச் சாய்வார். மூன்றாவதில் எட்டு பாக்கி என்றால் போர்வை விலகும். நான் நாலு வருடமாகப் பந்தின் பின்னால் ஓடியவன். ஒரே மதியத்தில் அவருக்குப் புரிந்தது எனக்கு ஏன் புரியவில்லை என்றால், டிவி கேமராவும் பந்தின் பின்னால்தான் ஓடுகிறது.

ஆகவே தம்பிக்கு நான் சொன்ன முதல் விஷயம்: திரையின் மூலையில் ஸ்கோர் பட்டையில், எத்தனாவது வாய்ப்பு, எத்தனை கெஜம் பாக்கி என்று இரண்டு எண் ஓடும். ஒவ்வொரு முறை பந்து அசையும் முன்னும் அந்த இரண்டு எண்ணை மட்டும் பார். ஸ்கோரைக்கூட அப்புறம் பார்த்துக்கொள்ளலாம்.

கொஞ்ச நேரத்தில் அப்பாவுக்கு அடுத்த சந்தேகம். திரையில் மைதானத்துக்குக் குறுக்கே ஒரு மஞ்சள் கோடு தெரியும், பத்து கெஜ இலக்கு எங்கே என்று காட்டுவது. "அந்த மஞ்சள் கோட்டை யாருடா அழிச்சு அழிச்சுப் போடறது? ஆளையே காணோம்?" மைதானத்தில் அப்படி ஒரு கோடே கிடையாது, கம்ப்யூட்டர் திரையில் மட்டும் வரைகிறது, 1998இல்தான் முதல் முறையாக ஒளிபரப்பில் வந்தது, ஆட்டக்காரர்கள் அதன் மேல் நடந்தால் அவர்கள் காலுக்கு அடியில் போகிற மாதிரி சாமர்த்தியமாகச் செய்திருக்கிறார்கள் என்றேன். ரொம்ப நேரம் யோசித்தார். "அப்போ அது எஃப்எம்பி. வரைபடம். கல் வேற."

இந்த ஒரு வரியை இங்கே பிறந்து வளர்ந்தவர்களுக்கும் சொல்லிக்கொண்டிருக்கிறேன். மஞ்சள் கோட்டைத் தாண்டிவிட்டான் என்று நாம் குதிப்போம், நடுவர் பந்தை ஒரு முழம் பின்னால் வைப்பார், சங்கிலி வரும், அளப்பார்கள், எட்டவில்லை என்பார்கள். தீர்ப்பு சங்கிலியுடையதுதான். தொழில்முறை லீகான என்எஃப்எல் 2025இல் கேமரா வைத்து அளக்கிற முறைக்கு வந்துவிட்டது, அங்கேயும் சங்கிலியை ஓரத்திலிருந்து எடுத்துவிடவில்லை.

ஆனால் அப்பா சங்கிலியோடும் நிற்கவில்லை. "பந்து எங்க நின்னுச்சுன்னு யார் சொல்றது?" என்றார். நடுவர்தான். முட்டி தரையில் பட்ட நேரத்தில் பந்து எங்கே இருந்தது என்று கண்ணால் பார்த்து, ஓடி வந்து, குத்துமதிப்பாக ஒரு இடத்தில் காலை வைப்பார், அந்த இடத்தில் பந்தை வைப்பார்கள். பத்துப் பேர் மேலே மேலே விழுந்து கிடக்கிற குவியலில் பந்து இருக்கிற இடமே தெரியாது. "அது சரி! முதல் கல்லைக் கண்ணளவுல நட்டுடறான், அப்புறம் அங்குலக் கணக்குல சங்கிலி பிடிக்கிறான். சர்வேயர் எவனாவது இப்படிப் பண்ணினா சஸ்பெண்ட்." பெரியவருக்கு மொழிபெயர்த்துச் சொன்னேன். சிரித்துச் சிரித்து அவருக்கு இருமலே வந்துவிட்டது.

இந்த இடத்தில் பழைய கதை ஒன்றைச் சொல்லியாக வேண்டும். ஃபுட்பாலுக்கும் முன்னால், இந்த இரண்டு மாநிலத்துக்கும் சண்டை வந்ததே சர்வேயால்தான். 1787இல் போட்ட சட்டத்தில் மிச்சிகன் ஏரியின் தென்முனையிலிருந்து நேர் கிழக்கே ஒரு கோடு என்று எழுதினார்கள். அப்போது கையில் இருந்த வரைபடம் அந்த முனையை நிஜத்தில் இருப்பதைவிட வடக்கே தள்ளிக் காட்டியது. விளைவு, 1817இல் ஒஹாயோவுக்குச் சாதகமாக ஹாரிஸ் என்பவர் ஒரு கோடு அளந்தார், அடுத்து மிச்சிகனுக்குச் சாதகமாக ஃபுல்டன் என்பவர் இன்னொரு கோடு. இரண்டுக்கும் நடுவே சுமார் 468 சதுர மைல் துண்டு, டொலீடோ நகரமும் துறைமுகமும் அதற்குள். 1835இல் இரண்டு பக்கமும் படை திரட்டிக்கொண்டு எதிரெதிரே போய்விட்டார்கள். போர் என்று பெயர்தானே தவிர ரத்தம் சிந்தியது ஒரே ஒருவர், மிச்சிகன் பக்கத்து ஷெரீஃபின் ஆள், ஒரு கலாட்டாவில் பேனாக்கத்தியால் குத்துப்பட்டார், பிழைத்துக்கொண்டார். குத்தியவன் பெயர் டூ ஸ்டிக்னி. அவன் அப்பா பிள்ளைகளுக்கு ஒன்று, இரண்டு என்றே பெயர் வைத்திருந்தார். நான் கட்டவில்லை, நிஜம்.

டொலீடோ ஒஹாயோவுக்குப் போனது. ஈடாக மிச்சிகனுக்கு வடக்கே மேல் தீபகற்பத்தைக் கொடுத்தார்கள். காடும் பனியும் தானே என்று அன்றைக்கு முகம் சுளித்தார்கள், பிறகு அங்கே செம்பும் இரும்பும் கிடைத்தது. தரையில் ஒழுங்காகக் கருங்கல் நட்டது 1915இல். ஏரிக்குள் எல்லை எங்கே போகிறது என்பதை உச்ச நீதிமன்றம் தீர்த்தது 1973இல். அப்பாவிடம் இதைச் சொன்னபோது அவருக்கு ஆச்சரியமே இல்லை. "வரப்புத் தகராறு அவ்வளவு நாள் ஓடத்தான் செய்யும்" என்றார், ஏதோ தன் ஊர் கேஸ் மாதிரி.

அன்றைய ஆட்டம் எப்படி முடிந்தது என்று இங்கே யாரிடம் கேட்டாலும் சொல்வார்கள். நாட்டுத் தரவரிசையில் இரண்டாம் இடத்தில் ஒஹாயோ ஸ்டேட், மூன்றாம் இடத்தில் மிச்சிகன், மைதானத்தில் 1,10,045 பேர். மிச்சிகன் 17-7 என்று முன்னால் போனது. ஒஹாயோவின் உதைக்காரன் டைலர் டர்பின் சுலபமான உதைகள் இரண்டைக் கோட்டைவிட்டவன், கடைசி ஒரு நொடி பாக்கி இருக்கும்போது உதைத்து 17-17 ஆக்கினான். கூடுதல் ஆட்டத்தில் இரண்டு பக்கமும் ஆளுக்கொரு முறை 25 கெஜக் கோட்டிலிருந்து தொடங்குவார்கள். முதல் சுற்றும் சமன். இரண்டாவதில் மிச்சிகன் மூன்று புள்ளியோடு நின்றது. ஒஹாயோவுக்கு நாலாவது வாய்ப்பு, ஒரு கெஜம் பாக்கி. உதைத்துச் சமன் செய்யலாம், கோச் அர்பன் மேயர் உதைக்கவில்லை. குவார்ட்டர்பேக், அதாவது பந்தை எறிகிறவன், ஜே.டி. பாரெட் பந்தோடு இடது பக்கம் ஓடி, தன் அணிக்காரன் முதுகிலேயே மோதி விழுந்தான். பந்து 15 கெஜக் கோட்டைத் தொட்டதா இல்லையா?

நடுவர் தொட்டது என்று வைத்தார். வீடியோவில் திரும்பத் திரும்பப் பார்த்தார்கள். பெரியவர் ரேடியோவை அணைத்துவிட்டார். அப்பா எழுந்து டிவி பக்கத்தில் போய் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டுப் பார்த்தார். பெரியவர் கட்டை விரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே ஓர் இடைவெளி காட்டி, தொட்டது என்பது போல் தலையாட்டினார். அப்பா தன் விரலில் அதில் பாதி இடைவெளி காட்டி உதட்டைப் பிதுக்கினார். இரண்டு கிழவர்களும் ஒரு வார்த்தை பேசாமல் விரலை விரலோடு ஒப்பிட்டுக்கொண்டு நின்றது இன்னும் கண்ணிலேயே இருக்கிறது. தீர்ப்பை மாற்ற ஆதாரம் போதாது என்று அறிவித்தார்கள். அடுத்த வாய்ப்பிலேயே கர்ட்டிஸ் சாமுவேல் 15 கெஜமும் ஓடி முடித்தான், 30-27. தெருவெல்லாம் ஹார்ன். மிச்சிகன் கோச் ஹார்பா நடுவர்களை வெளுத்து வாங்கியதற்குப் பல்கலைக்கழகத்துக்குப் பத்தாயிரம் டாலர் அபராதம் விழுந்தது.

"எட்டலடா" என்றார் அப்பா மெதுவாக, தமிழில், விருந்தாளி மனம் நோகாமல்.

சரி, இப்போது ரேடியோ. டிவி வர்ணனை நாடு முழுக்க உட்கார்ந்திருக்கிறவர்களுக்கு, அவர்களுக்கு எல்லாவற்றையும் முதலிலிருந்து விளக்க வேண்டும், ஆட்டக்காரனின் பாட்டி கதையும் வரும். உள்ளூர் ரேடியோக்காரர் அப்படியில்லை. படம் இல்லாததால் பந்து எங்கே, எத்தனை கெஜம் பாக்கி என்பதை ஒவ்வொரு தடவையும் வாயால் சொல்லியே ஆக வேண்டும். நமக்கு வேண்டிய இரண்டு எண்ணும் காதில் விழுந்துகொண்டே இருக்கும். கூடவே அவர் வெளிப்படையாக நம் ஊர்க்காரர், ஒளிவு மறைவெல்லாம் கிடையாது. ஒரே சிக்கல், ரேடியோ டிவியைவிடக் கொஞ்சம் முந்தும். ஆன்டெனாவில் பார்த்தால் அந்த வித்தியாசம் சில நொடிதான், பழகிவிடும். இன்டர்நெட் வழியாகப் பார்த்தால் கதை கெட்டது.

கெட்டதை அனுபவித்தே தெரிந்துகொண்டேன். 2021இல் ஆட்டம் ஆன் ஆர்பரில், பனி கொட்டுகிறது. கேபிளை வெட்டிவிட்டு ஒரு ஸ்ட்ரீமிங் சந்தாவுக்கு மாறியிருந்தோம், பெயர் வேண்டாம், இன்னும் அவர்களுக்குத்தான் பணம் கட்டுகிறேன். எங்கள் படம் அரை நிமிடத்துக்கு மேல் பின்தங்கி வந்தது. நாங்கள் நகத்தைக் கடித்துக்கொண்டு மூன்றாவது வாய்ப்பைப் பார்த்துக்கொண்டிருப்போம், சுவருக்கு அந்தப் பக்கம் பெரியவர் வீட்டிலிருந்து ஒரு முனகல் வரும். போச்சு என்று தெரிந்துவிடும். பிறகு அரை நிமிடம் உட்கார்ந்து, போனதைப் பார்க்க வேண்டும். கடைசிக் கால்பகுதியில் படம் நின்றுபோய் நடுவில் வட்டம் சுற்றியது. அது திரும்பி வந்தபோது மிச்சிகன் 42-27 என்று முடித்து, கூட்டம் மைதானத்துக்குள் இறங்கிவிட்டது. மறுநாளே இருபத்தைந்து டாலருக்கு ஒரு தட்டை ஆன்டெனா வாங்கி ஜன்னல் கண்ணாடியில் டேப் போட்டு ஒட்டினேன். இந்த ஆட்டத்தை இப்போது ஃபாக்ஸில்தான் போடுகிறார்கள், அது காற்றில் இலவசமாக வருகிற சேனல். ஊருக்குள் இருக்கிறவர்கள் எதற்கும் மாதச் சந்தா கட்ட வேண்டியதில்லை. ஆன்டெனாவை முதல் நாளே வைத்துப் பார்த்துவிடுங்கள். வடக்கு ஜன்னலில் வராதது கிழக்கு ஜன்னலில் வரும். போனையும் கவிழ்த்து வையுங்கள், வாட்ஸப் குரூப்பில் ஒருவன் கண்டிப்பாக முந்திக்கொள்வான்.

அடுத்தது, கண்ணை எங்கே வைப்பது. பந்துக்கு முன்னால் வரிசையாகக் குனிந்து நிற்கிற ஐந்து தடியர்கள் இருக்கிறார்களே, அவர்களைப் பாருங்கள். முந்நூறு பவுண்டு சாதாரணம். யாரும் அவர்கள் பெயரைச் சொல்ல மாட்டார்கள், தப்பு செய்தால் மட்டும் சொல்வார்கள். பந்து அசைந்த அந்த நொடியில் அவர்கள் பின்னால் ஒரு அடி வைத்தால் பந்து எறியப் போகிறார்கள், முன்னால் பாய்ந்தால் ஓடப் போகிறார்கள். கேமரா வருவதற்கு ஒரு நொடி முன்னாலேயே நமக்குத் தெரிந்துவிடும். எப்போதாவது நம்மை ஏமாற்றவே வேறு மாதிரி செய்வார்கள், அதில் ஏமாறுவதும் ஒரு சுகம். எங்கள் ஊர் சடுகுடுவில் ஆள் உள்ளே வரும்போது முகத்தைப் பார்க்காதே, காலைப் பார் என்பார்களே, அதேதான்.

இடைவேளை இருபது நிமிடம். இந்த நேரத்தில் சேனல் ஸ்டூடியோவுக்குப் போய்விடும், கோட்டு போட்ட நாலு பேர் பேசுவார்கள். போகட்டும். அம்மா இருந்த வருடம் பஜ்ஜி போட்டாள், கடைசி ஈடு எடுக்கவும் ஆட்டம் தொடங்கவும் சரியாக இருந்தது. இங்கத்தியப் பண்டம் வேண்டுமென்றால் பக்கை மிட்டாய், வேர்க்கடலை வெண்ணெய் உருண்டையை சாக்லெட்டில் முக்கி உச்சியில் கொஞ்சம் விட்டுவைப்பது. பக்கை என்கிற மரக்கொட்டை மாதிரியே இருக்கும். நிஜக் கொட்டை விஷம், தெருவில் கிடந்தால் பிள்ளைகள் வாயில் போடாமல் பார்த்துக்கொள்ளுங்கள். டிவியில் காட்டாத ஒன்றைச் சொல்லிவிடுகிறேன்: கொலம்பஸில் ஆட்டம் என்றால் ஒஹாயோ ஸ்டேட் பேண்டு மைதானத்தில் நடந்து நடந்தே ஒஹாயோ என்று கூட்டெழுத்தில் எழுதும், 1936இலிருந்து. கடைசியில் சூசஃபோன் என்கிற பெரிய குழல் வாத்தியத்தைத் தோளில் மாட்டியவர் ஒருவர் நெஞ்சை நிமிர்த்தி நடந்துபோய் ஐ எழுத்தின் புள்ளியாக நின்று, தொப்பியைக் கழற்றி இரண்டு பக்கமும் குனிவார். அந்த நேரத்தில் டிவியில் பெரும்பாலும் பிக்கப் டிரக் விளம்பரம். பேண்டு முக்கியம் என்றால் இணையத்தில் தனியாகப் பார்த்துவிட்டு வந்து உட்காருங்கள்.

விளம்பரம் பற்றிப் புலம்பாதவர் இல்லை. எனக்கு இப்போது அது உறுத்துவதில்லை. ஒவ்வொரு இடைவெளியிலும் பெரியவர் ஒரு பழங்கதை எடுத்து விடுவார். அப்படித்தான் 1950 வந்தது. கொலம்பஸில் பனிப்புயல், கோடுகளே தெரியவில்லை, விளம்பரம் இல்லாத காலத்திலும் நடுநடுவே துடைப்பத்தோடு ஆட்கள் இறங்கிப் பெருக்க வேண்டியிருந்தது. கையில் பந்து நிற்காததால் இரண்டு அணியும் வாய்ப்பு தீரும் வரைகூடக் காத்திருக்காமல் பந்தை உதைத்து எதிராளியிடம் தள்ளிவிட்டன, மொத்தம் 45 உதை. மிச்சிகன் அன்று ஒரு முறைகூடப் பத்து கெஜம் முன்னேறவில்லை. சங்கிலி அவர்களுக்காக ஒரு தடவைகூட நகரவில்லை. ஆனாலும் ஒஹாயோவின் உதைகளைத் தடுத்து விழுத்தியே 9-3 என்று ஜெயித்துவிட்டார்கள். அப்பாவுக்கு இது கொஞ்சம்கூடப் பிடிக்கவில்லை. அளவே எடுக்காமல் பட்டா மாறுவதா?

என் பெண் 2022இல் ஆன் ஆர்பரில் மிச்சிகன் பல்கலைக்கழகத்திலேயே படிக்கச் சேர்ந்தாள். கொலம்பஸில் வளர்ந்த பெண். பெரியவர் அவளைப் பார்த்து ஒரு வாரம் பேசவில்லை, விளையாட்டாகத்தான், ஆனால் ஒரு வாரம். இந்த ஆட்டத்தை எதிர்க்கட்சி ஆள் ஒருவராவது இருக்கிற அறையில் பார்க்க வேண்டும் என்பது அதற்கப்புறம்தான் எனக்கு உறைத்தது. 2024இல் அவள் மஞ்சளும் நீலமுமாக ஸ்வெட்டர் போட்டுக்கொண்டு சோபாவின் ஒரு கோடியில், பெரியவர் சிவப்பில் மறு கோடியில், நடுவில் காபி டேபிளில் தம்ளருக்குச் சாய்த்துவைத்த போனில் மன்னார்குடி. அங்கே இரவு பத்தரை மணி. டிவியை நோக்கித் திருப்பிவைத்த போனில் அப்பாவுக்கு என்ன தெரிந்ததோ, அவர் சங்கிலியைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

அந்த வருடம் மிச்சிகன் ஆறு வெற்றி ஐந்து தோல்வியோடு வந்தது. ஒஹாயோ நாட்டில் இரண்டாம் இடம். வெறும் சம்பிரதாயம் என்றுதான் எல்லோரும் நினைத்தோம். ஒஹாயோவிடம் பந்து எறிய ஆளும் இருந்தது, பிடிக்கப் பிரமாதமான ஆட்களும் இருந்தார்கள். அதை விட்டுவிட்டு நடுவில், மிச்சிகனின் இரண்டு மலைகள் நிற்கிற இடத்திலேயே, போய்ப் போய் முட்டினார்கள். ஒரு கெஜம். இரண்டு கெஜம். பூஜ்யம். மூலையில் இருக்கிற இரண்டு எண்ணைப் பார்க்கிற எவனுக்கும் இரண்டாம் கால்பகுதியிலேயே வயிற்றைக் கலக்கியிருக்கும். "நெலம் ஏறவே மாட்டேங்குதே" என்றார் அப்பா போனில். கடைசியில் மிச்சிகனின் காலெல் மல்லிங்ஸ் மூன்றாவது வாய்ப்பில் 27 கெஜம் உடைத்துக்கொண்டு ஓட, 45 நொடி இருக்கும்போது உதைத்து 13-10. பெண் சத்தம் போடாமல் இரண்டு கையாலும் வாயை மூடிக்கொண்டாள், பெரியவருக்காக. பெரியவர் எழுந்து, டிரான்சிஸ்டரை எடுத்து, கம்பியை உள்ளே தள்ளி, அவள் தலையில் ஒரு தட்டு தட்டிவிட்டுப் போனார்.

பிறகு திரையில் நடந்ததை அப்பாவுக்கு விளக்க வேண்டியிருந்தது. மிச்சிகன் ஆட்கள் மைதானத்தின் நட்ட நடுவில் தங்கள் கொடியை ஊன்றப் போனார்கள், ஒஹாயோ ஆட்கள் பாய்ந்தார்கள், அடிதடி, போலீஸ் மிளகு ஸ்ப்ரே அடித்தது, இரண்டு பல்கலைக்கழகத்துக்கும் ஆளுக்கு ஒரு லட்சம் டாலர் அபராதம். "அடுத்தவன் நிலத்துல கல் நட்டா அடிக்காம என்ன பண்ணுவான்" என்றார். மன்னார்குடியில் அப்போது மணி அதிகாலை இரண்டைத் தாண்டியிருந்தது.

அந்த ஒஹாயோ அணிதான் அடுத்த ஜனவரியில் தேசிய சாம்பியன் ஆனது. பெரியவரிடம் வாழ்த்துச் சொன்னேன். "ம்ம்" என்றார். சாம்பியன் கோப்பை வந்தும் அவர் முகத்தில் நவம்பர்தான் இருந்தது. மிச்சிகனை ஜெயித்தால் ஒஹாயோ ஆட்டக்காரர்களுக்கு ஒரு குட்டித் தங்கக் கால்சட்டை கொடுப்பார்கள், சாவிக்கொத்தில் மாட்டுகிற அளவுதான், 1934இலிருந்து வழக்கம். அந்த வருடம் அது கிடைக்கவில்லையே என்பதுதான் அவர் கவலை.

2025இல் ஆன் ஆர்பர், மறுபடி பனி. 27-9, ஒஹாயோ. இந்த முறை பெண் ஒரு கோடியில் போர்வைக்குள், பெரியவர் மறு கோடியில் வாயெல்லாம் பல்லாக, அப்பா தம்ளருக்கு எதிரே. பனி ஏற ஏற மைதானத்தின் வெள்ளைக் கோடுகள் மங்கிக்கொண்டே போயின. போனிலிருந்து குரல் வந்தது.

"டேய், கொஞ்சம் இந்தப் பக்கம் திருப்பு. ஓரத்துல கம்பம் பிடிச்சவன் கையுறை போட்டிருக்கானா பாரு, சங்கிலி இரும்பு, வெறுங்கையில ஒட்டிக்கும்."